இரட்டைமலை சீனிவாசனும் ‘பறையன்’ இதழும்

இரட்டைமலை சீனிவாசன் (1859–1945) தமிழ் இதழியல் முன்னோடிகளுள் ஒருவர். ஒடுக்கப்பட்ட மக்களின் உரிமைக்காக அரை நூற்றாண்டுக்கு மேல் எழுதியும் பேசியும் வந்தவர். சென்னைச் சட்டமன்றத்தின் உறுப்பினராக இருந்தவர். பழைய செங்கல்பட்டு மாவட்டத்தில் பிறந்த இவர், 1893ஆம் ஆண்டு ‘பறையன்’ என்ற பெயரிலேயே ஓர் இதழைத் தொடங்கி ஏழு ஆண்டுகள் நடத்தினார். பின்னர் தென்னாப்பிரிக்காவில் பல ஆண்டுகள் வாழ்ந்து நிறவெறியையும் நேரில் கண்டார். 1930, 1931ஆம் ஆண்டுகளில் இலண்டனில் நடந்த வட்டமேசை மாநாடுகளில் அம்பேத்கருடன் கலந்துகொண்டார். இவரது தன்வரலாறு ‘ஜீவிய சரித்திர சுருக்கம்’ என்ற சிறு நூலாக 1939இல் வெளிவந்தது.

பிறந்த மண்

சீனிவாசன் மதுராந்தகம் பகுதியிலுள்ள கோழியாளம் என்னும் சிற்றூரில் 7 ஜூலை 1859 அன்று பிறந்தார் (1860 என்றும் சில நூல்கள் குறிக்கின்றன). இரட்டைமலை என்பது இவருடைய தந்தையின் பெயர். அதுவே பிற்காலத்தில் மகன் பெயரோடு பிரிக்க முடியாதபடி சேர்ந்துவிட்டது.

அவர் பிறந்த நாளில் கோழியாளம், மதுராந்தகம், காஞ்சிபுரம், வாலாஜாபாத் ஆகிய எல்லா ஊர்களும் ஒரே செங்கல்பட்டு மாவட்டத்தில் அடங்கியிருந்தன. ஆற்காட்டு நவாபு முகம்மது அலி 1763இல் கிழக்கிந்தியக் கம்பெனிக்கு ஜாகீராக விட்டுக்கொடுத்த நிலப்பகுதி இது. அந்த நவாபின் ‘வாலாஜா’ என்ற பட்டப்பெயரே பாலாற்றங்கரையில் உள்ள வாலாஜாபாத்துக்கு அமைந்தது. கம்பெனிப் படையின் பாசறை அங்கே இருந்தது. பட்டும் பருத்தியும் நெய்யும் தறிகள் ஒருபுறம், தென்னேரி போன்ற பெரிய ஏரிகளின் பாசனத்தில் விளையும் நெல் மறுபுறம் என்று வளமான வட்டாரமாகவே அது இருந்தது. ஆனால் அந்த நெல்லை விளைவித்தவர்களுக்கு அந்த நிலத்தில் பங்கில்லை.

இதன் காரணத்தை அறிய ‘மிராசு’ என்ற முறையைச் சற்று விளக்க வேண்டும். பழைய தொண்டை மண்டலத்தில் ஊர் நிலத்தின் மீது சில குடும்பங்களுக்கு வழிவழியாகக் காணியாட்சி உரிமை இருந்தது. கம்பெனி ஆட்சியில் அது மிராசு என்று வழங்கிற்று. மிராசுதாரர்கள் தாம் உழுத நிலத்துக்கு மட்டும் உரியவர்களாக இருக்கவில்லை; ஊரின் தரிசு நிலத்தை யாராவது தர்க்காஸ்து போட்டுக் கேட்டால், அதைத் தமக்கே தரவேண்டும் என்று தடுக்கும் முன்னுரிமையும் அவர்களிடம் இருந்தது. சேரியில் குடிசை போட்டிருந்த மனையும் பெரும்பாலும் அவர்களுடையதாகவே கருதப்பட்டது. நெல்லைப் படியளந்து கூலியாகப் பெற்ற படியாள், ஒரு சிறு கடனுக்காகத் தலைமுறை தலைமுறையாகக் கட்டுண்டு கிடப்பதும் உண்டு. எதிர்த்துப் பேசினால் வேலை போகும். வேலையோடு குடியிருக்கும் குடிசையும் போகும். தீண்டாமை என்றால் தொடுவதையும் தொடாததையும் பற்றிய சடங்கு என்று எண்ணுவோர் இந்த மனைப் பிரச்சினையை மறந்துவிடுகிறார்கள். சேரி ஊருக்கு வெளியே இருந்தது. சேரியின் நிலமோ ஊருக்குள் இருந்தவர் கையில் இருந்தது.

இந்த நிலையை அரசாங்க ஏட்டில் முதன்முதலாக விரிவாகப் பதிந்தவர் செங்கல்பட்டு மாவட்ட ஆட்சியராக இருந்த ஜே. எச். ஏ. திரமென்ஹீர். செங்கல்பட்டுப் பறையர்களின் நிலை குறித்து 1891இல் அவர் அனுப்பிய குறிப்பு, வருவாய்த் துறையில் பெரிய விவாதத்தை எழுப்பியது. அவர் கேட்டவற்றில் பலவற்றை மேலதிகாரிகள் ஏற்கவில்லை. எனினும் 30 செப்டம்பர் 1892 நாளிட்ட 1010ஆம் எண் அரசாணை அந்தக் குறிப்பின் விளைவாகவே பிறந்தது. இன்று ‘பஞ்சமி நிலம்’ என்று வழங்கும் நில ஒதுக்கீட்டின் தொடக்கமாக இந்த ஆணை கொள்ளப்படுகிறது. செங்கல்பட்டிலிருந்த ஸ்காட்லாந்து சபையைச் சேர்ந்த ஆடம் ஆண்ட்ரூ என்னும் பாதிரியாரும் இதே நிலப் பிரச்சினையை இடைவிடாது எழுப்பி வந்தார்.

ஆட்சியரும் பாதிரியாரும் எழுதியவை ஆங்கிலத்தில், மற்றவர்களைப் பற்றி எழுதப்பட்டவை. தம்மைப் பற்றித் தாமே தமிழில் எழுதி அச்சிட்டு விற்பது வேறு வகையான செயல். அதைச் செய்தவர் சீனிவாசன்.

பள்ளிக்கு வெளியே நின்ற சிறுவன்

சீனிவாசன் கோயம்புத்தூரில் படித்தார். அங்கே பயின்ற ஏறத்தாழ நானூறு மாணவர்களில் பத்துப் பேர் தவிர மற்றவர்கள் பிராமணர்கள் என்று அவரே எழுதியிருக்கிறார். தம் சாதி என்னவென்று உடன் படிப்பவர்களுக்குத் தெரிந்துவிடக் கூடாது என்ற அச்சம் அவரை ஓயாமல் வாட்டியது. நட்புக் கொண்டால் ஊரைக் கேட்பார்கள். ஊரைச் சொன்னால் தெருவைக் கேட்பார்கள். பிறகு வீட்டைக் கேட்பார்கள். ஆகவே அவர் பள்ளி தொடங்குவதற்கு முன் எங்கேனும் தனியே அமர்ந்து படித்துக்கொண்டிருந்து, மணி அடித்த பின்பே வகுப்புக்குள் நுழைவார். வகுப்பு முடிந்ததும் யாரும் நெருங்குவதற்குள் விரைந்து வீடு திரும்புவார்.

யாரும் அவரை அடித்ததாகவோ வகுப்பிலிருந்து விரட்டியதாகவோ இந்தப் பகுதியில் இல்லை. விளையாட முடியாததுதான் அவருக்குத் துயரமாக இருந்தது. தன்வரலாற்றில் சில வரிகளே இடம்பெறும் இந்தச் செய்தி, அவருடைய பிற்கால வாழ்வு முழுவதற்கும் திறவுகோல் எனலாம். பெயரை மறைத்து வாழ்வது எத்தகைய தண்டனை என்பதைச் சிறு வயதிலேயே அனுபவித்தவர், பின்னாளில் அந்தப் பெயரையே இதழின் முகப்பில் அச்சிட்டார்.

படிப்புக்குப் பின் நீலகிரியில் ஆங்கிலேயர் நடத்திய வணிக நிறுவனங்களில் கணக்கராக ஏறத்தாழப் பத்தாண்டுகள் பணியாற்றினார். 1887இல் அரங்கநாயகியை மணந்தார். சித்த மருத்துவரும் பௌத்த அறிஞருமான அயோத்திதாசப் பண்டிதர் (1845–1914) அக்காலத்தில் நீலகிரியை மையமாகக் கொண்டு இயங்கியவர். சீனிவாசனின் சகோதரி தனலட்சுமியை மணந்தவர். மைத்துனர்களான இருவரும் ஒரே நோக்கத்துக்காக உழைத்தனர். ஆனால் சமூகத்தின் பெயர் என்ன என்ற கேள்வியில் எதிரெதிராக நின்றனர்.

பெயர் பற்றிய வழக்கு

பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் ‘இனம்’ என்ற கருத்து ஐரோப்பியரிடையே பெரும் செல்வாக்குப் பெற்றிருந்தது. மொழி, நிறம், மூக்கின் அளவு முதலியவற்றைக் கொண்டு மக்களை இனங்களாகப் பிரித்து எழுதினர். கால்டுவெல் தம் ஒப்பிலக்கணத்தின் 1875ஆம் ஆண்டுப் பதிப்பில், பறையர்கள் திராவிடர்களா இல்லையா என்ற கேள்விக்கென்றே ஒரு பின்னிணைப்பு எழுதி, திராவிடர்களே என்று முடிவு கூறினார். சென்னை அருங்காட்சியகத்தின் எட்கர் தர்ஸ்டன் அளவுகோலுடன் ஊர் ஊராகச் சென்று மக்களின் தலையையும் மூக்கையும் அளந்தார். அவருடைய தென்னிந்தியச் சாதிகள், பழங்குடிகள் பற்றிய நூல் ஏழு தொகுதிகளாக 1909இல் வெளிவந்தது. அளக்கப்பட்ட மனிதரிடம் அவர் தம்மை என்னவென்று கருதுகிறார் என்று கேட்கும் வழக்கம் அந்த ஆய்வுமுறையில் பெரிதாக இல்லை.

அயோத்திதாசர் இதற்குத் தம் வழியில் விடை கண்டார். பறையர் என்பது பிறர் சூட்டிய இழிபெயர். இம்மக்கள் பூர்வ பௌத்தர்கள், சாதிபேதமற்ற திராவிடர்கள் என்றார். 1891 டிசம்பரில் நீலகிரியில் அவர் கூட்டிய திராவிட மகாஜன சபையின் தீர்மானங்களுள், பறையன் என்று இழிவாக அழைப்போரைச் சட்டப்படி தண்டிக்க வேண்டும் என்பதும் ஒன்று. 1907இல் அவர் தொடங்கிய இதழின் பெயர் ‘ஒரு பைசாத் தமிழன்’.

சீனிவாசன் அதே 1891ஆம் ஆண்டில் பறையர் மகாஜன சபையை நிறுவினார். ஒருவன் தன்னை இன்னான் என்று வெளிப்படையாகச் சொல்லிக்கொண்டு முன்வராதவரை உரிமை கேட்க முடியாது. மறைந்து வாழ்பவன் எவ்வளவு படித்தாலும் தனி ஆளாகவே நின்றுவிடுவான், அவனால் சமூகம் எழாது என்பது அவர் கருத்து. வசை என்பது பெயரில் இல்லை, அதைச் சொல்பவன் நாவில் இருக்கிறது என்று அவர் நிலைப்பாட்டைச் சுருக்கலாம்.

இவ்விரு வழிகளில் எது சரி என்ற வாதம் இன்றளவும் ஓயவில்லை. அயோத்திதாசரின் வழி வரலாற்றைத் திருத்தி எழுதும் வழி. அறிவின் ஆழத்தில் அவரே மேம்பட்டவர் என்பதில் ஐயமில்லை. ஆயினும் சேரியில் இருந்த எழுதப்படிக்கத் தெரிந்த ஓர் இளைஞன் 1893இல் ஓர் இதழை வாங்கி மடித்து வைத்துக்கொள்ள என்ன துணிவு வேண்டும், அந்தத் துணிவை அவனுக்குக் கொடுத்தது எது என்று பார்த்தால், சீனிவாசன் செய்ததன் அருமை விளங்கும்.

‘பறையன்’ இதழ்

‘பறையன்’ முதல் இதழ் 1893 அக்டோபரில் சென்னையில் வெளிவந்தது. நான்கு பக்கம்; விலை இரண்டு அணா. விளம்பரத்துக்கும் முதல் இதழ் அச்சிடவும் சேர்த்துப் பத்து ரூபாய் செலவாயிற்று என்று சீனிவாசன் கணக்குச் சொல்கிறார். கணக்கராக இருந்தவர் அல்லவா! அச்சிட்ட நானூறு பிரதிகள் இரண்டே நாளில் விற்றுவிட்டன. மாத இதழாகத் தொடங்கியது மூன்று மாதத்தில் வார இதழாயிற்று. இரண்டு ஆண்டுகளில் சொந்த அச்சுக்கூடமும் அமைந்தது.

இது ஒடுக்கப்பட்டோர் நடத்திய முதல் இதழ் அன்று. 1869இல் ‘சூரியோதயம்’, அதன்பின் ‘பஞ்சமன்’, ஜான் ரத்தினத்துடன் அயோத்திதாசர் நடத்திய ‘திராவிட பாண்டியன்’ எனப் பல இதழ்கள் இதற்கு முன்பே இருந்தன. ஜெ. பாலசுப்பிரமணியத்தின் ‘சூரியோதயம் முதல் உதயசூரியன் வரை’ என்ற ஆய்வு நூல் அந்த வரிசையை நன்கு காட்டுகிறது. ‘பறையன்’ சிறப்புப் பெறுவது அது ஏழாண்டுகள் நிலைத்து நின்றதாலும், இதழும் சபையும் ஒன்றையொன்று தாங்கி நின்றதாலும் ஆகும். சிற்றூர்களிலிருந்து குறைகள் கடிதமாக வரும், இதழில் அச்சாகும், சபை அதை மனுவாக்கி அரசுக்கு அனுப்பும். தமிழ் இதழ்களில் வருபவற்றை ஆங்கிலத்தில் சுருக்கி மேலிடத்துக்கு அளிக்க அரசே மொழிபெயர்ப்பாளர்களை வைத்திருந்ததால், கோட்டைக்குள் இருந்தவர்களும் ‘பறையன்’ சொல்வதைக் கேட்க வேண்டியதாயிற்று.

இடையூறும் இல்லாமல் இல்லை. வாசகர் கடிதம் ஒன்றை வெளியிட்டதற்காக ஆசிரியர் மீது வழக்குத் தொடரப்பட்டு அபராதம் விதிக்கப்பட்டது. நீதிமன்றத்துக்கு வந்திருந்த மக்களே பணத்தைத் திரட்டிக் கட்டினார்கள்.

112 அடி நீள மனு

இதழ் தொடங்கிய இரண்டாம் மாதத்திலேயே சீனிவாசன் ஈடுபட்ட பெரிய செயல் ஐ.சி.எஸ். தேர்வு பற்றிய எதிர்ப்பு. இந்தியக் குடிமைப் பணிக்கான தேர்வு இலண்டனில் மட்டுமே நடந்து வந்தது. இந்தியாவிலும் அதே நேரத்தில் நடத்த வேண்டும் என்று காங்கிரசு கோரி வந்தது. 1893 ஜூனில் பிரித்தானியப் பொதுச்சபை அதற்கு இசைவாகத் தீர்மானமும் நிறைவேற்றியது. சீனிவாசன் இதை எதிர்த்தார். 23 டிசம்பர் 1893 அன்று சென்னையில் கூட்டம் கூட்டி, 3,412 பேர் கையெழுத்திட்ட 112 அடி நீளமுள்ள மனு ஒன்றைத் தயாரித்து, தளபதி சர் ஜார்ஜ் செஸ்னி என்ற உறுப்பினர் வழியாகப் பிரித்தானிய நாடாளுமன்றத்துக்கு அனுப்பினார்.

தேசிய இயக்கத்தின் வரலாற்றை மட்டும் படித்தவர்களுக்கு இது வியப்பாகவும், சற்றுக் கசப்பாகவும் இருக்கும். அயலாட்சிக்குத் துதி பாடியதாக அவர் காலத்திலேயே ஏசியவர்கள் உண்டு. ஆனால் செங்கல்பட்டு மாவட்டத்துச் சேரியிலிருந்து பார்த்தால் கணக்கு வேறாகத் தெரியும். கர்ணமும் தாசில்தாரும் மணியக்காரரும் மிராசுதாரரின் உறவினராகவோ நண்பராகவோ இருந்த ஊரில், மனு எழுதிக் கொடுக்க இருந்த ஒரே வேற்று ஆள் மாவட்ட ஆட்சியர்தான். அந்த நாற்காலியும் உள்ளூர் மேல்சாதியாருக்கே போய்விட்டால் முறையிட யாரும் இல்லை என்று அவர்கள் அஞ்சினார்கள். திரமென்ஹீரின் குறிப்பு வெளிவந்து இரண்டு ஆண்டே ஆகியிருந்த நேரம் அது. விடுதலை வேண்டாம் என்பது அவர்கள் கூற்றன்று. விடுதலையில் தமக்குப் பங்கு எங்கே என்பதே அவர்கள் கேள்வி. இந்தியாவில் ஐ.சி.எஸ். தேர்வு நடைபெற 1922 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. அதற்குப் பல காரணங்கள் உண்டு, இந்த மனு ஒன்றே காரணம் என்று சொல்ல இயலாது. ஆயினும் 3,412 கையெழுத்துகள் என்பது, எழுத்தறிவு மறுக்கப்பட்ட ஒரு சமூகத்திலிருந்து வந்த எண் என்பதை மறக்கலாகாது.

தென்னாப்பிரிக்காவில்

மனுக்கள் அனுப்பிப் பயன் போதாது, நேரில் சென்று பேச வேண்டும் என்று கருதிய சீனிவாசன் 1900இல் இலண்டன் செல்லும் நோக்கத்துடன் புறப்பட்டார். ஆசிரியர் கடல் கடந்ததும் ‘பறையன்’ நின்றுபோயிற்று. பயணமோ ஆப்பிரிக்கக் கரையிலேயே தங்கிவிட்டது. தென்னாப்பிரிக்காவில் நீதிமன்ற மொழிபெயர்ப்பாளராகப் பணியேற்றார். ஏறத்தாழ இருபது ஆண்டுகள் அவர் தாயகம் திரும்பவில்லை.

அவர் சென்று சேர்ந்த நாட்டில் தமிழர் புதியவர் அல்லர். சென்னையிலிருந்து முதல் ஒப்பந்தக் கூலிகளை ஏற்றிச் சென்ற ‘ட்ரூரோ’ கப்பல் 16 நவம்பர் 1860 அன்றே டர்பன் துறைமுகத்தை அடைந்திருந்தது. அடுத்த ஐம்பது ஆண்டுகளில் ஒன்றரை இலட்சத்துக்கு மேற்பட்ட இந்தியர்கள் நேட்டாலின் கரும்புத் தோட்டங்களுக்கும் சுரங்கங்களுக்கும் சென்றனர். அவர்களில் பெரும்பான்மையோர் சென்னைத் துறைமுகத்தில் கப்பல் ஏறியவர்கள். வட ஆற்காடு, செங்கல்பட்டு மாவட்டங்களின் படியாட்கள் அவர்களில் கணிசம். ஒப்பந்தம் முடிந்தும் அங்கேயே தங்க விரும்பியவர்கள் ஆண்டுக்கு மூன்று பவுன் வரி கட்ட வேண்டியிருந்தது.

அங்கே வெள்ளையர் கண்ணில் எல்லா இந்தியரும் ஒன்றே. வணிகர், வழக்கறிஞர், கரும்பு வெட்டுபவர் யாராயினும் ‘கூலி’ என்ற ஒரே சொல். 1893 ஜூனில் பீட்டர்மாரிட்சுபர்க் தொடர்வண்டி நிலையத்தில் காந்தி முதல் வகுப்புப் பெட்டியிலிருந்து இறக்கப்பட்டார். அதே ஆண்டு அக்டோபரில்தான் சென்னையில் ‘பறையன்’ முதல் இதழ் வந்தது. டிரான்சுவாலில் நடைபாதையில் நடக்கவும் இந்தியருக்கு உரிமை இல்லை. பிரிட்டோரியாவில் காந்தியே நடைபாதையிலிருந்து உதைத்துத் தள்ளப்பட்டார். ஊரில் அக்கிரகாரத் தெருவில் பிறரை நடக்கவிடாதவர்கள், அங்கே நடைபாதையிலிருந்து தாமே இறங்கி நடந்தார்கள். நீதிமன்றத்தில் நின்று ஏழைத் தமிழரின் சொற்களை ஆங்கிலத்தில் எடுத்துரைத்த சீனிவாசனைவிட இந்த இரு நிலைகளையும் ஒப்பிட்டுப் பார்க்க வாய்ப்புப் பெற்றவர்கள் மிகச் சிலரே.

காந்தியுடன் அவருக்கு அங்கே பழக்கம் ஏற்பட்டது. காந்தி தமிழில் கையெழுத்திடக் கற்றுக்கொண்டது சீனிவாசனிடம் என்று அவர் வரலாற்றை எழுதுவோர் கூறுவர். பின்னாளில் அரசியலில் இருவரும் நேரெதிர் அணிகளில் அமர வேண்டியிருந்தது.

சாலைத் தீர்மானம்

1921 அளவில் தாயகம் திரும்பிய சீனிவாசனின் வயது அறுபதைத் தாண்டியிருந்தது. பெயர் பற்றிய வழக்கு அதற்குள் ஒரு கட்டத்தை எட்டியிருந்தது: எம். சி. ராஜாவின் முயற்சியால் 1922இல் பறையர், பஞ்சமர் என்ற பெயர்களுக்கு மாற்றாக ‘ஆதி திராவிடர்’ என்ற பெயரை அரசு ஏற்றது. 1923இல் சீனிவாசன் சென்னைச் சட்டமன்றத்துக்கு உறுப்பினராக நியமிக்கப்பட்டார்.

அவருடைய சட்டமன்றப் பணியில் தலையாயது 1924 ஆகஸ்டு 22 அன்று எடுத்துக்கொள்ளப்பட்ட தீர்மானம். நகரிலோ சிற்றூரிலோ உள்ள எந்தப் பொதுச் சாலையிலும் தெருவிலும் பாதையிலும் எந்த வகுப்பாரும் நடப்பதற்குத் தடை கூடாது. பொது அலுவலகம், பொதுக் கிணறு, குளம், பொதுமக்கள் கூடும் இடம் ஆகியவற்றைச் சாதி இந்துக்களைப் போலவே எல்லோரும் பயன்படுத்தலாம் என்பது அதன் சாரம். மன்றம் ஏற்றுக்கொண்டது, அடுத்த மாதமே அரசாணையும் வெளிவந்தது.

தெருவில் நடக்க ஒரு சட்டமா என்று இன்றைய மாணவர் கேட்கலாம். திருவிதாங்கூரில் வைக்கம் கோயிலைச் சுற்றியுள்ள சாலைகளில் நடக்கும் உரிமைக்காக அதே 1924ஆம் ஆண்டு மார்ச்சு 30 அன்று தொடங்கிய சத்தியாக்கிரகம் அப்போது நடந்துகொண்டிருந்தது. பெரியார் அதில் சிறை சென்றார். வைக்கம் தமிழர் நினைவில் நிலைத்துவிட்டது. சென்னைச் சட்டமன்றத்தின் தீர்மானமோ அந்த அளவுக்கு நினைவில் நிற்கவில்லை. வைக்கத்தில் கேட்கப்பட்டது ஒரு கோயிலைச் சுற்றிய சாலைகள். சீனிவாசனின் தீர்மானம் கேட்டது மாகாணம் முழுவதிலும் உள்ள சாலைகள். வாலாஜாபாத்துச் சந்தைக்கு நெல் மூட்டை சுமந்து செல்பவர் ஊரைச் சுற்றி வயல் வரப்பில் போகாமல் நேர்த்தெருவில் போகலாம் என்பதே நடைமுறையில் அதன் பொருள்.

ஆணை வந்ததும் தெருக்கள் திறந்துவிட்டன என்று எண்ணிவிடக் கூடாது. அன்று சென்னை மாகாணத்தில் இருந்த பாலக்காட்டின் கல்பாத்தி அக்கிரகாரத்தில், அதே ஆண்டு நவம்பர் தேர்த் திருவிழாவின்போது ஆணையை நம்பி நடந்தவர்கள் தாக்கப்பட்டனர். மாவட்ட நிருவாகமோ நடந்தவர்களுக்கே தடை விதித்தது. தடுப்போருக்குத் தண்டனை இல்லாத ஆணை வெறும் அறிவுரையாகவே இருக்கும் என்பது அப்போது தெளிவாயிற்று. அடுத்த சில ஆண்டுகளில் உள்ளாட்சிச் சட்டங்களில் அபராதப் பிரிவு சேர்க்கப்பட்டது.

வட்டமேசை மாநாடு

1930 நவம்பர் 12 அன்று இலண்டனில் தொடங்கிய முதல் வட்டமேசை மாநாட்டுக்கு ஒடுக்கப்பட்ட வகுப்பினர் சார்பில் இருவர் அழைக்கப்பட்டனர். ஒருவர் முப்பத்தொன்பது வயதான அம்பேத்கர். மற்றவர் எழுபதைக் கடந்த சீனிவாசன். 1900இல் இலண்டனுக்கென்று புறப்பட்டவர் முப்பது ஆண்டு கழித்து அங்கே போய்ச் சேர்ந்தார்.

அரசர் ஐந்தாம் ஜார்ஜைச் சந்தித்தபோது நடந்ததாக ஒரு செய்தி பரவலாக வழங்குகிறது. தம் உடையில் ‘பறையன், தீண்டப்படாதவன்’ என்று எழுதிய பட்டையை அணிந்து சீனிவாசன் சென்றார் என்றும், தீண்டாமை என்றால் என்ன என்று அரசர் கேட்டபோது, எங்களில் ஒருவன் தெருவில் விழுந்து கிடந்தால் மேல்சாதியார் தூக்கிவிட மாட்டார்கள் என்று விளக்கினார் என்றும் கூறுவர். பள்ளி மணி அடிக்கும்வரை ஒளிந்திருந்த சிறுவனா இவர் என்று தோன்றும்.

இருவரும் சேர்ந்து அளித்த கோரிக்கை அறிக்கையில் முதலாவது சமக் குடியுரிமை. 1931இல் அளித்த துணை அறிக்கையில் தனித் தொகுதி கேட்டதோடு, ‘ஒடுக்கப்பட்ட வகுப்பார்’ என்ற பெயரே இழிவும் இரக்கமும் கலந்தது, அதை மாற்ற வேண்டும் என்றும் கேட்டு, சாதி சாராத இந்துக்கள் என்பது போன்ற மாற்றுப் பெயர்களை முன்மொழிந்தார்கள். பெயரை மாற்ற வேண்டாம் என்று 1893இல் நின்றவர் 1931இல் மாற்றக் கேட்டது முரண் போலத் தோன்றலாம். சீனிவாசன் எதிர்த்தது மறைந்து வாழ்வதை. பிறர் சூட்டும் பெயரைத் தாமே முடிவு செய்யும் உரிமையை அவர் எந்நாளும் விட்டுக்கொடுக்கவில்லை.

1932 ஆகஸ்டில் தனித் தொகுதி வழங்கப்பட்டது. காந்தி எரவாடா சிறையில் உண்ணாநோன்பு இருந்தார். செப்டம்பர் 24 அன்று கையெழுத்தான பூனா ஒப்பந்தத்தில் சீனிவாசனும் கையொப்பமிட்டார். தனித் தொகுதி போயிற்று. ஒதுக்கப்பட்ட இடங்கள் மாகாணங்கள் அனைத்துக்குமாக 148 ஆயின, அவற்றில் சென்னைக்கு 30.

1935 அக்டோபரில் இயோலாவில் அம்பேத்கர், தாம் இந்துவாகச் சாகப் போவதில்லை என்று அறிவித்தபோது சீனிவாசன் உடன்படவில்லை. நாம் வருணத்துக்குள்ளேயே இல்லாதபோது எதிலிருந்து வெளியேறுவது என்பது அவர் வாதம். கோயம்புத்தூர் நாள்களிலிருந்தே தாம் இன்னார் என்பதை மறைக்காமல் வாழ வழி தேடியவருக்கு, இன்னொரு பெயருக்குள் புகுவது ஏற்புடையதாக இல்லை போலும். அயோத்திதாசர் பௌத்தத்தில் கண்ட விடையையும், பின்னர் 1956இல் அம்பேத்கர் கண்ட விடையையும் நோக்க, சீனிவாசனின் இந்த வாதம் தருக்கத்தில் கூர்மையானது. ஆனால் சேரியில் வாழ்பவருக்கு அன்றாட வாழ்வில் புதிதாக ஒன்றையும் தரவில்லை என்றே சொல்ல வேண்டும்.

இறுதிக் காலமும் நினைவும்

அரசு இவருக்கு 1926இல் ராவ் சாகிப், 1930இல் ராவ் பகதூர், 1936இல் திவான் பகதூர் பட்டங்களை அளித்தது. பட்டங்களை விட 1939இல் வெளிவந்த தன்வரலாறே பிற்காலத்தாருக்குப் பயன்பட்டது. அது மிகச் சிறிய நூல். உணர்ச்சி பொங்கும் பகுதிகள் அதில் குறைவு. நாள், தொகை, மனு, கூட்டம் என்று கணக்கேடு போலச் செல்லும். அவ்வாறு எழுதியதனாலேயே இத்தனை செய்திகள் இன்று கிடைக்கின்றன.

சீனிவாசன் 18 செப்டம்பர் 1945 அன்று காலமானார். சென்னை ஓட்டேரியில் அடக்கம் செய்யப்பட்டார். ‘உரிமைக்களம்’ என்னும் நினைவிடம் அங்கே உள்ளது. 2000ஆம் ஆண்டில் இந்திய அஞ்சல் துறை அவர் நினைவாக அஞ்சல்தலை வெளியிட்டது. கிண்டியில் அரசு மணிமண்டபம் அமைத்துள்ளது. ஜூலை 7 அன்று ஆண்டுதோறும் அரசு விழா நடைபெறுகிறது.

அவர் பிறந்த மாவட்டத்து நிலப் பிரச்சினை அவருடன் முடியவில்லை. பஞ்சமி நிலங்கள் பிறர் கைக்கு மாறிவிட்டன என்று கூறி அவற்றை மீட்கும் போராட்டம் செங்கல்பட்டு வட்டாரத்தில் 1990களில் வலுப்பெற்றது. 10 அக்டோபர் 1994 அன்று அதன் தொடர்பில் நடந்த காவல்துறைத் துப்பாக்கிச் சூட்டில் இருவர் உயிரிழந்தனர். அப்போது அவர்கள் கேட்ட காரணை ஊர் நிலம், திரமென்ஹீர் ஆட்சியராக இருந்த அதே மாவட்டத்தைச் சேர்ந்தது.